ஸ்மார்ட் டிவியில் வைரஸ்: எந்த வழியாக வருகிறது, எப்படித் தடுப்பது

2019 ஜூன் மாதம் சாம்சங் நிறுவனத்தின் அமெரிக்க வாடிக்கையாளர் உதவிப் பிரிவு ட்விட்டரில் ஓர் அறிவுரை வெளியிட்டது. கணினியைப் போலவே க்யூஎல்இடி டிவியையும் சில வாரங்களுக்கு ஒருமுறை வைரஸ் சோதனை செய்யுங்கள் என்றது. செய்தி பரபரப்பானதும் அந்தப் பதிவை நிறுவனம் நீக்கிவிட்டது. அறிவுரையில் தவறு ஒன்றும் இல்லை. ஆனால் ஆபத்து அதிகமாக இருக்கும் இடத்தை அது காட்டவில்லை. சாம்சங் டிவி வைத்திருப்பவரைவிடப் பல மடங்கு ஆபத்தில் இருப்பவர், பெயர் தெரியாத ஒரு மலிவு ஆண்ட்ராய்டு பெட்டியை வாங்கிப் பழைய டிவியில் மாட்டியிருப்பவர். அவருக்கு அந்த அறிவுரை போய்ச் சேரவே இல்லை. அதனால் இந்த அத்தியாயத்தில் முதல் இடம் அவருக்குத்தான்.

உங்கள் டிவி எந்த வகை?

எதைப் பாதுகாக்கிறோம் என்று தெரியாமல் பாதுகாக்க முடியாது. சாம்சங் டிவிகள் டைசன் என்ற இயங்குதளத்தில் ஓடுகின்றன. எல்ஜி டிவிகளில் இருப்பது வெப்ஓஎஸ். இந்த இரண்டிலும் அந்தந்த நிறுவனத்தின் ஆப் கடையிலிருந்துதான் சாதாரணமாக எதையும் நிறுவ முடியும். வெளியிலிருந்து ஒரு கோப்பைக் கொண்டுவந்து ஓடவைப்பது எளிதல்ல. சோனி, டிசிஎல், ஷாவ்மி போன்றவற்றின் டிவிகளில் பெரும்பாலும் ஆண்ட்ராய்டு டிவி அல்லது அதன் புதிய வடிவமான கூகுள் டிவி இருக்கும். இவற்றில் கதவு கொஞ்சம் தாராளம்: ஒரு செட்டிங்கை மாற்றினால், ஏபிகே எனப்படும் ஆப் நிறுவல் கோப்பை நேரடியாக நிறுவலாம். அமேசானின் ஃபயர் ஸ்டிக்குகளில் பெரும்பாலானவையும் ஆண்ட்ராய்டிலிருந்து பிறந்தவையே.

நான்காவது வகை ஒன்று உண்டு. ஆண்ட்ராய்டின் மூலநிரல் யார் வேண்டுமானாலும் எடுத்துப் பயன்படுத்தும்படி திறந்து கிடக்கிறது. அதை எடுத்து, கூகுளின் சோதனை எதற்கும் உட்படுத்தாமல், ஒரு சிறு பெட்டியில் ஏற்றி விற்கலாம். திரையில் அதே ஆண்ட்ராய்டு முகம்தான் தெரியும். உள்ளே என்ன சேர்த்திருக்கிறார்கள் என்பது தயாரித்தவருக்கும், அவருக்கு மென்பொருள் எழுதிக் கொடுத்தவருக்கும், நடுவில் கைவைத்தவருக்கும்தான் தெரியும். டிவி வைரஸ்களில் மிகப் பெரிய தொற்றுகள் இந்த வகைப் பெட்டிகளில்தான் நடந்திருக்கின்றன.

வாங்கும்போதே உள்ளே இருக்கும் வைரஸ்

2023 தொடக்கத்தில் கனடாவைச் சேர்ந்த ஒரு பாதுகாப்பு வல்லுநர், அமேசானில் வாங்கிய டி95 என்ற ஆண்ட்ராய்டு பெட்டியை ஆராய்ந்தார். அதன் அடிப்படை மென்பொருளான ஃபர்ம்வேரிலேயே வைரஸ் இருந்தது. பெட்டியை இணையத்தில் இணைத்ததும் அது தொலைவில் உள்ள சர்வர்களைத் தொடர்புகொண்டு கட்டளைக்குக் காத்திருந்தது. வாங்கியவர் எந்தத் தவறான லிங்க்கையும் தட்டவில்லை, எந்த ஆப்பையும் போடவில்லை. அட்டைப் பெட்டியைப் பிரிக்கும் முன்பே தொற்று உள்ளே இருந்தது.

அதே ஆண்டு அக்டோபரில் ஹியூமன் செக்யூரிட்டி என்ற நிறுவனம் இதன் பின்னால் இருந்த பெரிய வலையை விவரித்து, அதற்கு பேட்பாக்ஸ் என்று பெயரிட்டது. அப்போது தெரிந்த கணக்கு சுமார் 74,000 கருவிகள். 2024 டிசம்பரில் ஜெர்மனியின் தகவல் பாதுகாப்பு அமைப்பான பிஎஸ்ஐ, தன் நாட்டில் மட்டும் சுமார் 30,000 கருவிகளின் தொடர்பைத் துண்டித்தது. ஆனாலும் அந்த வலை அடங்கவில்லை. 2025இல் அது இரண்டாம் வடிவம் எடுத்து பத்து லட்சத்தைத் தாண்டியது. ஜூன் மாதம் அமெரிக்காவின் எஃப்பிஐ பொதுமக்களுக்கு எச்சரிக்கை விட்டது. ஜூலையில் கூகுள், ஒரு கோடிக்கும் மேற்பட்ட கருவிகள் தொற்றுக்கு ஆளாகியிருப்பதாகச் சொல்லி, நியூயார்க் நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தது. இதற்கிடையே 2024 செப்டம்பரில் ரஷ்யாவின் டாக்டர் வெப் நிறுவனம் வோய்ட் என்ற வேறொரு வைரஸைக் கண்டுபிடித்தது. 197 நாடுகளில் ஏறத்தாழ 13 லட்சம் டிவி பெட்டிகள் அதன் பிடியில் இருந்தன. இந்த மலிவுப் பெட்டிகளில் பழைய ஆண்ட்ராய்டைப் புதியது என்று காட்டி விற்கும் வழக்கம் இருப்பதையும் அந்நிறுவனம் சுட்டிக்காட்டியது.

டிவி பெட்டியைப் பிடித்து ஒருவனுக்கு என்ன லாபம்? அதில் வங்கிக் கணக்கு இல்லையே, நாம் பார்க்கும் சீரியலைத் தெரிந்துகொண்டு அவன் என்ன செய்யப்போகிறான்? பலரும் இப்படி நினைத்துத்தான் இந்த விஷயத்தைக் கண்டுகொள்ளாமல் விடுகிறார்கள். கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டிய இடம் இது.

அவனுக்கு வேண்டியது உங்கள் டிவியில் இருப்பது அல்ல. உங்கள் வீட்டு இணைய முகவரி. ஒரு மோசடிக்காரன் தன் இடத்திலிருந்து நேரடியாக ஆயிரம் போலிக் கணக்குகள் தொடங்கினால், அல்லது திருடிய பாஸ்வேர்டுகளை ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தால், அந்த இணையதளம் அவனைச் சீக்கிரம் கண்டுபிடித்துத் தடுத்துவிடும். அதே வேலை மதுரையில் ஒரு வீடு, திருச்சியில் ஒரு வீடு, கொழும்பில் ஒரு வீடு என்று பல ஆயிரம் வீடுகளின் இணைப்பு வழியாக நடந்தால், ஒவ்வொரு முயற்சியும் ஒரு சாதாரணக் குடும்பம் செய்வதுபோலத் தெரியும். இப்படி வீட்டு இணைப்புகளை வாடகைக்கு விடுவது இன்று பெரிய வியாபாரம். வைரஸ் புகுந்த டிவி பெட்டி அதற்குக் கிடைத்த அருமையான கருவி. இரவும் பகலும் மின்சாரத்திலேயே இருக்கிறது, இணையத்தை விட்டு விலகுவதில்லை, அதை யாரும் சந்தேகிப்பதும் இல்லை. இதோடு, கண்ணுக்குத் தெரியாமல் பின்னணியில் விளம்பரங்களைத் திறந்து திறந்து அந்தக் காசையும் எடுக்கிறார்கள். ஏதாவது ஓர் இணையதளத்தை முடக்க வேண்டுமென்றால் இதே பெட்டிகளை ஒன்றாக ஏவிவிடவும் முடியும். குற்றம் நடந்த பிறகு, எந்த இணைப்பிலிருந்து வந்தது என்று விசாரித்தால் முதலில் தெரிவது உங்கள் பெயரில் உள்ள இணைப்புதான்.

வெளிநாட்டில் வாழும் தமிழர்களுக்கு இதில் தனிப்பட்ட ஆபத்து ஒன்று உண்டு. ஊர்ச் சேனல்கள் எல்லாம் வரும், புதுப் படங்கள் எல்லாம் வரும், ஒருமுறை பணம் கட்டினால் போதும் என்று சொல்லி விற்கப்படும் பெட்டிகள் பல வீடுகளுக்குள் வந்துவிட்டன. தொலைவில் இருக்கும் பெற்றோருக்கு ஊர்ச் செய்தியும் பாட்டும் கேட்கட்டுமே என்ற அன்பில் வாங்கிக் கொடுத்திருப்பார்கள். அந்த ஆசையை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் உரிமம் இல்லாமல் சேனல் காட்டுகிறவர் உங்கள் பாதுகாப்பில் மட்டும் நேர்மையாக இருப்பார் என்று நம்ப எந்தக் காரணமும் இல்லை.

பெட்டியை எப்படிச் சோதிப்பது

கூகுள் சான்று பெற்ற ஆண்ட்ராய்டு டிவியில் பிளே ஸ்டோர் டிவித் திரைக்கென்றே வடிவமைத்ததாக இருக்கும். ரிமோட்டின் அம்புக்குறிகளால் எளிதாக நகரலாம். உங்கள் பெட்டியில் போனில் வருவது போன்ற பிளே ஸ்டோர் இருந்தால், அல்லது பிளே ஸ்டோரே இல்லாமல் வேறு பெயரில் ஒரு ஆப் கடை இருந்தால், சந்தேகப்படுங்கள். போன் வடிவ பிளே ஸ்டோரில் செட்டிங்ஸ் போய், அபவுட் பகுதியைத் திறந்தால், பிளே புரொடெக்ட் என்ற கூகுளின் பாதுகாப்பு வசதியின் சான்று உண்டா இல்லையா என்று எழுதியிருக்கும். ஆண்ட்ராய்டு டிவியின் அதிகாரப்பூர்வ இணையதளத்திலும் சான்று பெற்ற நிறுவனங்களின் பட்டியல் இருக்கிறது. வாங்குவதற்கு முன்பே அதைப் பார்த்துவிடலாம்.

பிளே புரொடெக்டை அணைத்துவிடுங்கள் என்று வழிகாட்டித் தாளிலோ திரையிலோ எழுதியிருந்தால், மேற்கொண்டு எதையும் யோசிக்க வேண்டாம். நேர்மையான எந்தத் தயாரிப்பாளரும் அப்படிக் கேட்க மாட்டார். எல்லாம் இலவசம், எல்லாம் திறந்துவிடப்பட்டது என்ற விளம்பரமும் அதே ரகம்.

பெட்டி இந்த வகை என்று உறுதியானால் என்ன செய்வது? ஃபேக்டரி ரீசெட் செய்தால் சரியாகிவிடும் என்று சிலர் சொல்வார்கள். ஆகாது. ரீசெட் என்பது நாம் பின்னால் சேர்த்தவற்றை அழிப்பது; ஃபர்ம்வேரை அது தொடாது. வைரஸ் அந்த ஃபர்ம்வேருக்குள்ளேயே இருக்கும்போது அதுவும் அப்படியே இருந்துவிடும். ஆன்டிவைரஸ் ஆப் போட்டாலும் அதற்குக் கீழே உள்ள அடுக்கைத் தொட முடியாது. இணைய இணைப்பைத் துண்டித்துவிட்டு, அந்தப் பெட்டியில் உள்நுழைந்திருந்த கூகுள், ஓடிடி கணக்குகளின் பாஸ்வேர்டுகளை வேறொரு நல்ல கருவியிலிருந்து மாற்றுங்கள். பிறகு பெட்டியைக் கழற்றி வைத்துவிடுங்கள். கொடுத்த காசு வீண்தான். மனசு கேட்காது என்பது தெரியும். அதற்காக அதை மீண்டும் மாட்டினால் இழப்பு அந்தக் காசோடு நிற்காது.

நாமே உள்ளே விடும் வைரஸ்

நல்ல நிறுவனத்தின் டிவியிலும் தொற்று வரும் வழி ஒன்று இருக்கிறது: ஏபிகே. பிளே ஸ்டோரில் இல்லாத ஒரு ஆப்பை, வாட்ஸ்அப்பில் வந்த லிங்க் வழியாகவோ பென் டிரைவில் நண்பர் கொடுத்ததாகவோ நிறுவுவது.

2016 டிசம்பரில் அமெரிக்காவின் கான்சஸ் மாநிலத்தில் ஒரு குடும்பத்தின் எல்ஜி டிவி பூட்டிக்கொண்டது. எல்ஜியின் பழைய மாடல்கள் சில கூகுள் டிவியின் பழைய வடிவத்தில் ஓடின. அதில் ஒன்று அது. படம் பார்ப்பதற்காக ஒரு ஆப்பை நிறுவியதைத் தொடர்ந்து, எஃப்பிஐ அனுப்பியது போன்ற ஓர் எச்சரிக்கை திரையை மூடிக்கொண்டு 500 டாலர் அபராதம் கேட்டது. வேறு எதற்கும் நகர முடியவில்லை. கடைசியில் எல்ஜி, ரீசெட் செய்யும் வழியைச் சொல்லிக் கொடுத்ததும் டிவி மீண்டது. அதே ஆண்டு ஜூனில் டிரெண்ட் மைக்ரோ நிறுவனம் எஃப்லாக்கர் என்ற பணயத் தொகை வைரஸ் ஆண்ட்ராய்டு போன்களோடு டிவிகளையும் பூட்டுவதாக எச்சரித்திருந்தது. அது கேட்டது 200 டாலர், ஐட்யூன்ஸ் பரிசு அட்டைகளாக.

இதைத் தடுப்பது சுலபம். ஆண்ட்ராய்டு டிவியில் செட்டிங்ஸுக்குள் செக்யூரிட்டி அண்ட் ரெஸ்ட்ரிக்‌ஷன்ஸ் என்ற பகுதியைத் தேடுங்கள். சில டிவிகளில் அது ஆப்ஸ் பகுதியின் கீழ் இருக்கும், சிலவற்றில் டிவைஸ் பிரிஃபரன்ஸஸின் கீழ். அதில் அன்நோன் சோர்சஸ் என்பதைத் திறந்தால் ஒவ்வொரு ஆப்பின் எதிரிலும் ஒரு பொத்தான் தெரியும். எல்லாவற்றையும் அணைத்து வையுங்கள். பிரவுசர், ஃபைல் மேனேஜர், டவுன்லோடர் ஆப் இவை மூன்றும் திறந்திருக்கின்றனவா என்று முக்கியமாகப் பாருங்கள். ஃபயர் ஸ்டிக்கில் இதற்கு ஈடானது மை ஃபயர் டிவி பகுதியின் டெவலப்பர் ஆப்ஷன்ஸில் இருக்கிறது.

அங்கேயே இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். டெவலப்பர் ஆப்ஷன்ஸில் ஏடிபி டீபக்கிங் என்றோ யூஎஸ்பி டீபக்கிங் என்றோ ஒரு பொத்தான் இருக்கும். ஆப் எழுதுகிறவர்கள் கணினியிலிருந்து கருவியைக் கட்டுப்படுத்த வைத்த வசதி இது. நெட்வொர்க் வழியாகத் திறக்கும்போது வழக்கமாக 5555 என்ற போர்ட்டில் காத்திருக்கும். 2018 பிப்ரவரியில் ஏடிபி.மைனர் என்ற வைரஸ் இந்தக் கதவு திறந்திருந்த ஆண்ட்ராய்டு கருவிகளைத் தேடித் தேடிப் புகுந்தது. அவற்றில் டிவி பெட்டிகள் நிறைய. புகுந்த இடத்திலெல்லாம் மொனேரோ என்ற கிரிப்டோ நாணயத்தை உருவாக்கும் கணக்கீடுகளைச் செய்யவைத்தது. பெட்டி சூடாகிக்கொண்டே இருக்கும், படம் தேங்கித் தேங்கி ஓடும். காசு வேறு யாருக்கோ போகும். யாராவது உங்கள் டிவியில் ஆப் போட்டுத் தருகிறேன் என்று இந்த வசதியைத் திறந்திருந்தால், வேலை முடிந்ததும் மூடினார்களா என்று இன்றே பாருங்கள்.

பென் டிரைவ் பற்றிக் கேட்பவர்கள் பலர். கடையில் படம் ஏற்றிக் கொடுத்த பென் டிரைவில் விண்டோஸ் வைரஸ் இருந்தால் டிவிக்கு என்ன ஆகும்? டிவியில் அது ஓடாது. வீடியோவை மட்டும் பார்த்துவிட்டுக் கழற்றினால் ஆபத்து மிகக் குறைவு. ஆனால் அதே பென் டிரைவைப் பிறகு கணினியில் சொருகினால் அங்கே கதை வேறு. பென் டிரைவில் வந்த ஏபிகே கோப்பைத் திறக்கவே கூடாது. படம் ஓட இந்தக் கோடெக்கை நிறுவுங்கள் என்று எழுதி வைத்திருந்தாலும் கூடாது.

ரௌட்டரில் செய்ய வேண்டியது

2024 ஏப்ரலில் பிட்டிஃபென்டர் நிறுவனம் எல்ஜி வெப்ஓஎஸ் டிவிகளில் நான்கு ஓட்டைகளை வெளியிட்டது. அதற்குச் சில வாரங்கள் முன்பே, மார்ச்சில், எல்ஜி திருத்தம் கொடுத்துவிட்டது. ஓட்டை இருந்த சேவை வீட்டு நெட்வொர்க்குக்குள் போனிலிருந்து டிவியை இயக்குவதற்காக வைக்கப்பட்டது. வெளி இணையத்துக்குத் தெரிய வேண்டிய அவசியமே இல்லை. ஆனால் தேடிப் பார்த்தபோது 91,000க்கும் மேற்பட்ட டிவிகள் வெளியிலிருந்து எட்டும்படி இருந்தன. எல்ஜி போன்ற பெரிய நிறுவனத்தின் டிவியானாலும், வெளி இணையத்துக்கும் அதற்கும் நடுவே ரௌட்டர் ஒழுங்காக நிற்க வேண்டும் என்பதற்காகவே இதைச் சொல்கிறேன்.

ரௌட்டரின் நிர்வாகப் பக்கத்தைத் திறந்து, கம்பெனி வைத்த பாஸ்வேர்டை மாற்றுங்கள். யூபிஎன்பி என்ற வசதி இருந்தால் அணையுங்கள்; உள்ளே இருக்கும் கருவி எதுவும் உங்களைக் கேட்காமல் தானே வெளிக்கதவைத் திறந்துகொள்ள அது இடம் கொடுக்கிறது. போர்ட் ஃபார்வர்டிங் பட்டியலில் நீங்கள் போடாத வரிகள் இருந்தால் நீக்குங்கள். பிறகு கெஸ்ட் வைஃபை ஒன்றை உருவாக்கி, டிவியை அதில் மாட்டிவிடுங்கள். வீட்டு வாசல் திண்ணையில் உட்கார்ந்திருப்பவர் அடுக்களைக்குள் வர முடியாதது போல, டிவியில் ஏதாவது புகுந்தாலும் அலுவலகக் கணினிக்கும் போன்களுக்கும் அது எட்டாது. போனிலிருந்து டிவிக்கு காஸ்ட் செய்வது இதனால் நின்றுபோகலாம். அடிக்கடி காஸ்ட் செய்கிறவர்களுக்கு இது தொல்லைதான். அவர்கள் மற்றவற்றைச் செய்தால் போதும். வீட்டிலிருந்து வேலை செய்பவர்கள் மட்டும் இந்தத் தொல்லையை ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும் என்பேன்.

அப்டேட் நின்றுபோன டிவி

டிவியைப் பத்து ஆண்டு வைத்திருப்போம். அதன் மென்பொருளுக்கு அவ்வளவு ஆயுள் கிடையாது. சாம்சங் தன் 2024 மாடல்களிலிருந்து ஏழு ஆண்டுகளுக்கு டைசன் புதுப்பிப்பு தருவதாக அறிவித்திருக்கிறது. எல்ஜி ஐந்தாண்டுத் திட்டம் ஒன்றை அறிவித்தது. குறைந்த விலை ஆண்ட்ராய்டு டிவிகளில் பலவற்றுக்கு இப்படி எந்த உறுதியும் இல்லை. ஆகவே கடையில் திரையின் அளவையும் சத்தத்தையும் விசாரிக்கும்போது, எத்தனை வருஷம் அப்டேட் வரும் என்ற கேள்வியையும் கேளுங்கள்.

ஆட்டோ அப்டேட் எப்போதும் இயங்கட்டும். சாம்சங்கில் செட்டிங்ஸ், சப்போர்ட், சாஃப்ட்வேர் அப்டேட் என்ற வரிசையில் இருக்கும். ஆண்ட்ராய்டு டிவியில் அபவுட் பகுதிக்குள் சிஸ்டம் அப்டேட். அங்கேயே செக்யூரிட்டி பேட்ச் என்று ஒரு தேதி காட்டும். அது இரண்டு மூன்று ஆண்டு பழையது என்றால் உங்கள் டிவியை அதன் நிறுவனம் கைவிட்டுவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம். டிவியைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. அதன் வைஃபையை மறக்கச் செய்துவிட்டு, சான்று பெற்ற ஒரு நல்ல ஸ்டிக்கை எச்டிஎம்ஐயில் சொருகுங்கள். இணையத்தைத் தொடும் வேலை ஸ்டிக்குக்கு. டிவி வெறும் திரை. ஸ்டிக் பழசானால் அதை மட்டும் மாற்றினால் போதும். பல வீடுகளுக்கு இதுதான் மிகச் சிக்கனமான பாதுகாப்பு என்பது என் கருத்து.

ஆன்டிவைரஸ் வேண்டுமா?

சாம்சங்கின் பல மாடல்களில் மெக்காஃபியின் சோதனைக் கருவி கூடவே வருகிறது. அதை ஓட்டுவதில் நஷ்டம் இல்லை. டைசனுக்கோ வெப்ஓஎஸ்ஸுக்கோ தனியாகக் காசு கொடுத்து எதுவும் வாங்க வேண்டாம். ஆண்ட்ராய்டு டிவியில் பிளே புரொடெக்ட் அணையாமல் இருந்தால் பெரும்பாலோருக்குப் போதும். பலர் கைபடும் டிவி, பிள்ளைகள் எதையாவது நிறுவிப் பார்க்கும் டிவி என்றால், ஈசெட் போன்ற பெயர்பெற்ற நிறுவனத்தின் டிவிப் பதிப்பை பிளே ஸ்டோரிலிருந்து மட்டும் எடுத்துப் போடலாம். அதோடு ஆப் வாங்குவதற்கு ஒரு பின் எண்ணும் வைத்துவிடுங்கள்.

டிவி பிரவுசரில் ஏதாவது தளத்தைத் திறக்கும்போது, உங்கள் டிவியில் வைரஸ் இருக்கிறது, இந்த எண்ணுக்குப் போன் செய்யுங்கள் என்று வந்தால், அது விளம்பர மோசடி. பிரவுசரை மூடி, அதன் சேமிப்பை அழித்தால் போய்விடும். அழைக்காதீர்கள். ஓடிடி ஆப்பை ஆக்டிவேட் செய்ய டிவி காட்டும் குறியீட்டை, கூகுளில் தேடிக் கிடைத்த ஏதோ ஒரு தளத்தில் போடுவதும் இதே குழியில் விழுவதுதான். டிவித் திரையில் காட்டும் முகவரியை எழுத்து எழுத்தாக அடித்துப் போங்கள். ஆக்டிவேஷனுக்குத் தனியாகக் கட்டணம் கேட்டால் அது மோசடி. பணம் போய்விட்டிருந்தால், இந்தியாவில் இருப்பவர்கள் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணில் புகார் சொல்ல வேண்டும்.

வைரஸ் இல்லாமலே நடக்கும் வேவு ஒன்றும் உண்டு. திரையில் ஓடுவதைத் துண்டு துண்டாகப் படம்பிடித்து, நீங்கள் எதைப் பார்க்கிறீர்கள் என்று கணக்கெடுக்கும் வசதி பல டிவிகளில் இருக்கிறது. உரிய அனுமதி கேட்காமல் 1 கோடியே 10 லட்சம் டிவிகளில் இதைச் செய்ததற்காக விசியோ நிறுவனம் 2017இல் அமெரிக்காவில் 22 லட்சம் டாலர் கட்டியது. சாம்சங்கில் வியூவிங் இன்ஃபர்மேஷன் சர்வீசஸ், எல்ஜியில் லைவ் பிளஸ் என்ற பெயர்களில் இதைத் தேடி அணையுங்கள். கேமரா உள்ள டிவி படுக்கையறையில் இருந்தால், வேலை இல்லாத நேரத்தில் அதன் மேல் ஒரு துண்டுக் கறுப்பு டேப் ஒட்டிவிடுங்கள். இதே யோசனையை எஃப்பிஐயின் போர்ட்லண்ட் அலுவலகம் 2019 நவம்பரில் சொன்னது.

தொற்று என்று சந்தேகம் வந்தால்

டிவியைத் தொடாதபோதும் சூடாக இருப்பது, நீங்கள் போடாத ஆப் தெரிவது, முகப்பில் சம்பந்தமில்லாத விளம்பரங்கள் குதிப்பது, டிவி ஓடாத நேரத்திலும் ரௌட்டர் கணக்கில் அதன் பெயரில் டேட்டா ஏறுவது ஆகியவை அறிகுறிகள். கடைசியாகச் சொன்னதுதான் நம்பகமானது. படம் தேங்குவதை மட்டும் வைத்து முடிவுக்கு வராதீர்கள். சேமிப்பிடம் நிரம்பினாலும் அப்படித்தான் ஆகும்.

நல்ல நிறுவனத்தின் டிவி என்றால் இணையத்தைத் துண்டித்து, சந்தேகமான ஆப்பை நீக்கி, ஃபேக்டரி ரீசெட் செய்யுங்கள். மீண்டும் இணைத்ததும் முதல் வேலை அப்டேட். அதன் பிறகே கணக்குகளில் உள்நுழையுங்கள். பழைய ஆப்புகளை மொத்தமாகத் திரும்ப ஏற்றாமல், உண்மையில் பார்ப்பவற்றை மட்டும் ஒவ்வொன்றாகப் போடுங்கள். திரை பூட்டிக்கொண்டு ரீசெட் மெனுவுக்கே போக முடியாவிட்டால், டிவியின் பொத்தான்களை அழுத்தி ரீசெட் செய்யும் முறை உண்டு; அது மாடலுக்கு மாடல் வேறுபடும். நிறுவனத்தின் சேவை மையத்தில் கேட்டுச் செய்யுங்கள். திரையில் கேட்கும் பணத்தைக் கட்டாதீர்கள்.

பழைய டிவியை விற்கும்போதோ உறவினருக்குக் கொடுக்கும்போதோ, உங்கள் போனிலிருந்து கூகுள் கணக்கைத் திறந்து கருவிகள் பட்டியலில் அந்த டிவியை நீக்குங்கள். ஓடிடி கணக்குகளிலும் அப்படியே. பிறகு ரீசெட். தொற்று இருப்பதாக உறுதியான ஆண்ட்ராய்டு பெட்டியை மட்டும் யாருக்கும் இலவசமாகக்கூடக் கொடுக்க வேண்டாம். மின்கழிவு எடுப்பவரிடம் சேர்த்துவிடுங்கள்.